வேடம் மாறும் வேளை

தவக்காலம் பிறந்துவிட்டால், கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையை ஒட்டிய நம் பங்கில் பாஸ்கு ஒத்திகை தொடங்கிவிடும். முதல் ஷிப்டு முடித்தவர்கள் வீட்டில் முகம் கழுவி, ஒரு வாய்த் தேநீர் அருந்திவிட்டு, மாலையில் கோயில் மைதானத்திற்கு வந்து சேர்வார்கள். பகலெல்லாம் கிரேன் ஓட்டியவர் பிலாத்து. பட்டறையில் வெல்டிங் செய்தவர் கயபா. ஆலை வாயிலில் காவல் இருப்பவர் உரோமைப் படைவீரர். திருச்சி, தஞ்சை, நெல்லைச் சீமைகளிலிருந்து பிழைப்பைத் தேடி வந்து இங்கே வேரூன்றிய குடும்பங்கள், பெட்டி படுக்கையோடு ஆண்டவருடைய பாடுகளின் நாடகத்தையும் உடன் கொண்டு வந்தன.

அந்நாடகத்தில் 1990 முதல் 2011 வரை இருபத்திரண்டு ஆண்டுகள் இயேசுவின் வேடத்தை ஏற்றவர் நாம். பெருமைக்காகச் சொல்லவில்லை என்று எழுதவே ஆசை. ஆனால் பெருமை இருந்தது என்பதே உண்மை. மாசி மாதத்திலேயே தாடி வளர்க்கத் தொடங்குவோம். ஆலையில் இந்து நண்பர்கள், "என்ன அண்ணே, சாமி வேஷத்துக்குத் தயாராகிட்டீங்களா?" என்று அன்போடு கேட்பார்கள். சவுக்கு மரத்தாலான அச்சிலுவை தோளின் எந்த எலும்பை அழுத்தும், மூன்றாம் முறை விழும்போது எந்தக் கையை முதலில் ஊன்றினால் முழங்கால் தப்பும், குங்குமம் கரைத்த நீர் கண்ணில் வழியாமல் முள்முடியை எவ்வாறு சாய்த்து வைக்க வேண்டும் என்பதெல்லாம் நமக்கு மனப்பாடம்.

2012ஆம் ஆண்டுத் தவக்காலத்தில் பாஸ்குக் குழு கூடியது. நமக்கு அப்போது வயது 52. தலையில் நரை கண்டிருந்தது. வயிறும் சற்றே முன்வந்திருந்தது. குழுவில் மூத்தவர் ஒருவர் தயங்கித் தயங்கி, "இந்த வருஷம் நம்ம தம்பி ஒருத்தன் இயேசுவா நடிக்கட்டுமே. நீங்க சீமோன் வேஷம் எடுத்துக்குங்க" என்றார். சீரேன் ஊர்ச் சீமோன்! வழியில் போகிறவரைப் பிடித்திழுத்துச் சிலுவையைச் சுமக்கச் செய்கிறார்கள். மேடையில் சில நிமிடங்கள். பேசுவதற்கு ஒரே ஒரு வசனம். உடல்நலம் சரியில்லை என்று பொய்யுரைத்து எழுந்து வந்துவிட்டோம். அவ்வாண்டும் அடுத்த ஆண்டும் பெரிய வெள்ளியன்று நம் பங்கின் பக்கமே போகவில்லை. இரயிலேறி வேறோர் ஊர்க் கோயிலுக்குச் சென்று வழிபட்டுத் திரும்பினோம்.

இல்லத்தரசி முதலாண்டு ஒன்றும் பேசவில்லை. இரண்டாம் ஆண்டு மட்டும், சோற்றைப் பரிமாறிக்கொண்டே, "ஏங்க, இருபத்திரண்டு வருஷம் இயேசுவா நடிச்சிருக்கீங்க. அதுல ஒரு வருஷமாவது கோபத்தை விட்டிருக்கக் கூடாதா?" என்றாள். அந்தச் சொல் சுட்டது, ஆனால் திருத்தவில்லை. நம்மைத் திருத்தியவர் அதற்குப் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன்பே மறைந்துவிட்ட ஒரு நடிகர். அவர் நடிகர் திலகம் சிவாஜி கணேசன்.

அவரை நாம் முதன்முதலில் திரையில் கண்டது 1972இல். அப்போது நமக்குப் பன்னிரண்டு வயது. தந்தையார் திருச்சி பொன்மலை இரயில்வே பட்டறையில் தொழிலாளி. கணேசன் சிறுவனாய்த் திரிந்த சங்கிலியாண்டபுரம் எங்கள் வீட்டிலிருந்து நடந்து போகும் தொலைவுதான். 'நம்ம ஊர்ப் பிள்ளை' என்றே அப்பகுதியினர் அவரைச் சொல்வார்கள். ஆயினும் நம் பாட்டியாருக்குச் சினிமா என்றாலே கூத்தாடிகளின் பாவ வித்தை. வீட்டுப் பிள்ளைகள் கொட்டகைப் பக்கம் போகலாகாது. அந்த விதி தளர்ந்தது 'ஞான ஒளி' வந்தபோது. கோயிலும் மணியும் குருவானவரும் வரும் படம் என்று கேள்வியுற்றுப் பாட்டியாரே உடன் வந்தார். கோயில் மணியடிக்கும் அந்தோணியாக சிவாஜி திரையில் தோன்றி மணிக்கயிற்றைப் பற்றியதும், இருட்டில் பாட்டியார் தம்மையறியாமல் சிலுவை அடையாளம் வரைந்துகொண்டதை அருகிலிருந்து கண்டோம்.

பி. மாதவன் இயக்கிய அப்படம், 'வியட்நாம் வீடு' சுந்தரம் எழுதி மேஜர் சுந்தரராஜன் மேடையேற்றிய நாடகத்திலிருந்து உருவானது. அதன் வேர் இன்னும் தொலைவில் இருக்கிறது. சிறையினின்று தப்பி வந்து வேறு பெயரில் செல்வராய் வாழும் மனிதன், அவனை விடாமல் தொடரும் காவல்துறை அதிகாரி, இருவருக்கும் இடையே ஒரு குருவானவர் ஊட்டிய நல்லறம் என்னும் இவ்வமைப்பு, பிரெஞ்சு எழுத்தாளர் விக்தர் யூகோ 1862இல் வெளியிட்ட மாபெரும் நாவலை நினைவூட்டும். அதே நாவல்தான் 1950இல் நாகையா நடிக்க 'ஏழை படும் பாடு' என்று தமிழ்ப் படமாயிற்று.

'ஞான ஒளி'யின் கதை நிகழும் ஊர் பூண்டி. 1984இல் கும்மிடிப்பூண்டியில் ஒரு ரோலிங் மில்லில் ஃபிட்டராக வேலை கிடைத்தபோது, நம் பாட்டியார் பெயரைச் சரியாகக் கேளாமல், "பூண்டி மாதா காலடியிலேயே வேலையா! உனக்குக் கொடுத்து வைத்திருக்கிறது" என்று மகிழ்ந்தார். பூண்டி மாதா எழுந்தருளியிருப்பது தஞ்சை மாவட்டத்தில். இங்கே, அந்நாளில் செங்கற்பட்டு மாவட்டமாக இருந்து 1997இல் திருவள்ளூர் மாவட்டமான இப்பகுதியில், இருப்பது கொசத்தலை ஆற்றின் குறுக்கே 1944இல் கட்டி முடிக்கப்பட்டுச் சென்னைக்குக் குடிநீர் வழங்கும் பூண்டி நீர்த்தேக்கம். பெயரளவில் ஏமாற்றமே. ஆனால் அந்த நீர்த்தேக்கத்திற்கும் நாடகத்திற்கும் ஓர் உறவு உண்டு என்பது பின்னாளில் தெரிந்தது. அது யார் பெயரைத் தாங்கியிருக்கிறதோ அந்தத் தீரர் சத்தியமூர்த்தி, சென்னை மேயராக இருந்து அத்திட்டத்திற்கு வித்திட்டவர். அதே வேளையில் நாடகப் பித்தர். பம்மல் சம்பந்த முதலியார் 1891இல் தோற்றுவித்த சுகுணவிலாச சபையின் மேடைகளில் அவரே வேடமேற்று நடித்தவர்.

வழக்கறிஞர்களும் அதிகாரிகளும் மாலை வேளையில் பொழுதுபோக்காக நடித்த சபை அது. கணேசன் வளர்ந்த மேடையோ முற்றிலும் வேறு. 1928 அக்டோபர் முதல் நாள் விழுப்புரத்தில் பிறந்தார். தந்தையார் சின்னையா மன்றாயர் விடுதலைப் போராட்டத்தில் சிறை சென்றவர். தாயார் இராஜாமணி அம்மையார். குடும்பம் திருச்சிக்குக் குடிபெயர்ந்த பின், கட்டபொம்மன் கூத்து ஒன்றைக் கண்ட சிறுவனின் உள்ளத்தில் நடிப்பாசை பற்றிக்கொண்டது. பெற்றோர் இல்லாத அநாதை என்று சொல்லி, யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் நாடகக் குழுவில் சேர்ந்தார். பாய்ஸ் கம்பெனி என்று அக்காலத்தார் அழைத்த அக்குழுக்களில், ஏழைப் பிள்ளைகள் வைகறையில் எழுந்து பாட்டும் ஆட்டமும் வசனமும் பயின்று, கூடி உண்டு, கூடி உறங்கி, ஊர் ஊராக அலைந்தார்கள். வீடு என்பது நினைவில் மட்டும் இருந்தது.

அங்கே பெண் வேடங்களையும் பையன்களே ஏற்றனர். கணேசன் முதலில் பூண்டது சீதை வேடம். பின்பு பரதன், இந்திரஜித்து என்று வளர்ந்தார். அக்கம்பெனிகளில் 'மகரக்கட்டு' என்றொரு சொல் உண்டு. பையன்களுக்குப் பதின்பருவத்தில் குரல் உடையும் காலம் அது. நேற்றுவரை சீதையாய் நின்று கைதட்டல் வாங்கிய பிள்ளை, ஒரு காலையில் குரல் கரகரத்து எழுவான். அன்றோடு அவ்வேடம் வேறொரு பிள்ளைக்குப் போய்விடும். அழுது பயனில்லை. திரைச்சீலை தூக்கலாம், சிறு வேடம் ஏற்கலாம், குரல் தேறும்வரை காத்திருக்கலாம். ஐம்பத்திரண்டு வயதில் நாம் தாங்கமாட்டாமல் எழுந்து வந்த அதே இழப்பை, அந்தப் பிள்ளைகள் பதின்மூன்று, பதினான்கு வயதிலேயே விழுங்கி வளர்ந்தவர்கள். இது நமக்குப் புரிய நெடுநாள் ஆயிற்று.

கணேசன் சிவாஜி ஆனதும் ஒருவர் விட்ட வேடத்தால்தான். அறிஞர் அண்ணா எழுதிய 'சிவாஜி கண்ட இந்து ராஜ்யம்' நாடகத்தில் மராட்டிய மன்னராக நடிக்கவிருந்தவர் எம்.ஜி.ஆர். அவர் விலகவே, வாய்ப்பு கணேசனுக்கு வந்தது. அந்நடிப்பைக் கண்ட பெரியார், இனி இவர் சிவாஜி கணேசன் என்றார். பெயர் நிலைத்துவிட்டது.

திரையுலகம் எளிதில் கதவு திறக்கவில்லை. 'பராசக்தி' படத்திற்கு அவரைத் தெரிந்தெடுத்தவர் நேஷனல் பிக்சர்ஸ் பி. ஏ. பெருமாள். மெலிந்த உடலும் மேடைப் பழக்கமும் கொண்ட இப்புதியவரை நீக்கிவிடலாம் என்ற பேச்சு படப்பிடிப்பின்போதே எழுந்தது. பெருமாள் அசையவில்லை, இவர்தான் என்று நின்றார். 1952 அக்டோபர் 17, தீபாவளித் திருநாளில் படம் வெளிவந்தது. அன்று தொடங்கிய புகழ் பின்பு தணியவே இல்லை. ஆயினும் ஆண்டுதோறும் பொங்கலன்று வேலூரில் உள்ள பெருமாளின் இல்லத்திற்குச் சென்று, சீர் வரிசை வைத்து வணங்கி வருவதை அவர் வழக்கமாக்கிக்கொண்டார். நமக்கு முதன்முதலில் பாஸ்கு வேடத்தைத் தந்த பெரியவரின் கல்லறையில் நாம் எத்தனை முறை மெழுகுதிரி ஏற்றினோம் என்று எண்ணிப் பார்க்கிறோம். விரல்விட்டு எண்ணிவிடலாம்.

அவருடைய படங்களைப் பட்டியலிட இப்பக்கங்கள் போதா. 1954இல், சம்பந்த முதலியாரின் 'மனோகரா' திரைக்கு வந்தபோது சங்கிலி பூட்டிய இளவரசன் அவரே. அதே ஆண்டு, பாடலே இல்லாத 'அந்த நாள்' படத்தில் நாட்டைக் காட்டிக்கொடுக்கும் துரோகியும் அவரே. வளரும் கதாநாயகன் வில்லனாவதா என்று அவர் தயங்கவில்லை. 1957 முதல் மேடையில் வீரபாண்டிய கட்டபொம்மனாக முழங்கினார். 1959இல் அது படமாகி, 1960இல் கெய்ரோவில் நடந்த ஆசிய ஆப்பிரிக்கத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருதைப் பெற்றுத் தந்தது. கூத்துக் களரியின் ஓரத்தில் நின்று கட்டபொம்மனைப் பார்த்த சிறுவன், அதே கட்டபொம்மனாக நைல் நதிக் கரையில் மாலை சூடினான். 'பாசமலர்' அண்ணன், 'கப்பலோட்டிய தமிழன்' வ.உ.சி., 1964இல் கர்ணன், அதே ஆண்டில் தம் நூறாவது படமான 'நவராத்திரி'யில் ஒன்பது வேடங்கள். இவ்வாறு ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகளில் 280க்கும் மேற்பட்ட படங்கள்.

மிகையாக நடிக்கிறார் என்று குறை சொன்னவர்கள் உண்டு, இன்றும் உண்டு. அது அறவே பொய் என்று வாதிட மாட்டோம். ஆனால் ஒலிபெருக்கி நம்பத் தகாத மேடையில், மண்ணில் அமர்ந்திருக்கும் கடைசி வரிசைக் கிழவிக்கும் கண்ணீர் வரவேண்டுமானால், குரலும் கையும் புருவமும் சற்றுப் பெரிதாகத்தான் இயங்க வேண்டும். பாஸ்கு மேடையில் நின்றவர்களுக்கு இது தெரியும். அந்தக் கடைசி வரிசையை அவர் காமிராவின் முன்னும் மறக்கவில்லை. திரையில் கொடி கட்டிப் பறந்த காலத்திலும் சிவாஜி நாடக மன்றத்தை நடத்தி மேடையேறி வந்தவர் அல்லவா? மற்றொன்றையும் அவரோடு பணியாற்றியவர்கள் ஒருமித்துச் சொல்வார்கள். குறித்த நேரத்திற்கு முன்பே ஒப்பனை முடித்து, வசனத்தை நெஞ்சில் ஏற்றி, படப்பிடிப்புத் தளத்தில் அவர் காத்திருப்பாராம். ஆலைச் சங்கொலிக்கு அஞ்சி ஓடிய நமக்கு, எந்தச் சங்கொலியும் இல்லாமலே நேரம் தவறாத அம்மனிதரைப் பற்றிக் கேட்கும்போது வெட்கமாக இருக்கும்.

இத்தனை உழைத்தும் 'கூத்தாடி' என்ற ஏளனச் சொல் நடிகர்களை நெடுங்காலம் விடவில்லை. அது நம் பாட்டியாருடைய சொல் மட்டுமன்று. பிரான்சு நாட்டின் ஈடிணையற்ற நாடகாசிரியரும் நடிகருமான மொலியேர், 1673 பிப்ரவரி 17 அன்று, தாமே எழுதிய 'கற்பனை நோயாளி' நாடகத்தில் நடித்துக்கொண்டிருக்கையில் மேடையிலேயே நோய் முற்றி, சில மணி நேரத்தில் வீட்டில் உயிர் நீத்தார். கடைசி அருளடையாளத்திற்காக அழைக்கப்பட்ட குருக்கள் இருவர் வர மறுத்தனர். மூன்றாமவர் வந்து சேர்வதற்குள் ஆவி பிரிந்துவிட்டது. தொழிலைத் துறந்து மனம் வருந்தாத நடிகரை மந்திரித்த மண்ணில் அடக்க அந்நாளைய பிரெஞ்சுத் திருச்சபை இசையவில்லை. அவர் மனைவி மன்னர் பதினான்காம் லூயியிடம் சென்று முறையிட்ட பின்னரே, இரவு வேளையில், ஆரவாரமின்றி அடக்கம் நிகழ்ந்தது. நம் திருச்சபையின் வரலாற்றில் நாம் மறைக்க வேண்டாத, ஆனால் வருந்த வேண்டிய பக்கம் அது.

அதே பிரான்சு நாடு, மொலியேர் மறைந்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் கழித்து, 1995இல், விழுப்புரத்தில் பிறந்து சீதை வேடம் கட்டிய கணேசனுக்குக் கலை, இலக்கியத்திற்கான செவாலியே விருதை வழங்கிப் பெருமைப்படுத்தியது. அடுத்து இந்திய அரசின் தாதா சாகேப் பால்கே விருதும் வந்தது. செவாலியே சிவாஜி என்று செய்தித்தாளில் கண்ட அன்று நம் தந்தையார் அத்தாளைக் கொண்டுபோய், படுக்கையில் இருந்த பாட்டியாருக்குப் படித்துக் காட்டினார். "மணியடித்த அந்தோணிக்கா?" என்று கேட்டார் பாட்டியார். ஆம் என்றதும் தலையசைத்துக்கொண்டார்.

எல்லா வேடமும் அவருக்குப் பொருந்திவிடவில்லை. அரசியல் மேடை பொருந்தவில்லை. 1988இல் தமிழக முன்னேற்ற முன்னணி என்ற கட்சியைத் தொடங்கினார். 1989 தேர்தலில் திருவையாற்றில் நின்று தோற்றார். திரையில் அவருக்காக அழுதவர்கள் வாக்குச் சீட்டில் அவரை மறந்தார்கள். அறுபதை எட்டியவருக்கு அது எத்தகைய அடியாக இருந்திருக்கும்! அவர் மீண்டும் ஒப்பனை அறைக்கே திரும்பினார். ஆனால் அங்கும் காலம் மாறியிருந்தது. கதாநாயகர்கள் வேறு பிள்ளைகள்.

இங்கேதான் நம் கதைக்கு மீண்டும் வருகிறோம். 2013ஆம் ஆண்டுத் தீபாவளியன்று நம் வீட்டுத் தொலைக்காட்சியில் 'தேவர் மகன்' ஓடிக்கொண்டிருந்தது. பலமுறை பார்த்த படந்தான். இரண்டாவது பாஸ்குவையும் புறக்கணித்த ஆண்டு அது. மனம் புண்ணாக இருந்தது. ஆகவே அன்று கதையைப் பார்க்காமல் சிவாஜியை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தோம். அப்படம் வெளிவந்தது 1992 தீபாவளிக்கு. 'பராசக்தி' வந்து நாற்பது ஆண்டுகள் கழித்து. கதாநாயகன் கமல்ஹாசன். 1962இல் 'பார்த்தால் பசி தீரும்' படத்தில் சிவாஜியோடு சிறுவனாக நடித்த அதே கமல்ஹாசன். படத்தைத் தயாரித்தவரும் எழுதியவரும் அவரே. சிவாஜிக்குக் கிடைத்தது தந்தை வேடம். அதுவும் படத்தின் இடையிலேயே இறந்துவிடும் தந்தை. நாற்பது ஆண்டு நாயகராக நின்றவர், பாதிப் படத்தோடு விடைபெறுகிறார்.

அவர் என்ன செய்தார்? குரலைத் தாழ்த்திக்கொண்டார். அந்தக் கர்ஜனை, அந்தப் புருவ நெரிப்பு எல்லாவற்றையும் உள்ளே வைத்துப் பூட்டிவிட்டு, மழை பார்த்து அமர்ந்திருக்கும் ஒரு கிராமத்துக் கிழவராக மாறினார். இளைஞர் பேசும்போது கேட்டுக்கொண்டிருந்தார். காட்சியைத் தம் பக்கம் இழுக்கவில்லை. பிள்ளையின் கையில் கொடுத்தார். அவர் போன பின்பும் மீதிப் படம் முழுவதும் அவர் நினைவாகவே இருக்கிறது. அப்படத்தில் அவருடைய தம்பியாக நாற்காலியில் அமர்ந்து வஞ்சம் வளர்ப்பவர் காகா இராதாகிருஷ்ணன். இளமையில் பாய்ஸ் கம்பெனியில் ஒன்றாய் வளர்ந்த தோழர் அவர். மகரக்கட்டு உடைந்து வேடமிழந்து வேடம் பெற்ற இரு பிள்ளைகள், இருவரும் கிழவர்களாகி, இளையவர் ஒருவரின் படத்தில் எதிரெதிரே நின்றனர்.

அப்போதுதான் சில முன்கதைகளும் கோவையாக நினைவுக்கு வந்தன. ஓய்வு பெற்ற பின் சொந்த வீட்டிலேயே மதிப்பிழக்கும் 'வியட்நாம் வீடு' பத்மநாபனாக மேடையிலும், 1970இல் திரையிலும் நின்றபோது அவர் இன்னும் முதுமையைத் தொடவே இல்லை. திரைப்படம் வந்தபோது வயது நாற்பத்திரண்டுக்கும் உட்பட்டது. 'மோட்டார் சுந்தரம் பிள்ளை'யில் ஒரு பெருங்குடும்பத்தின் தந்தையானபோது நாற்பதுகூட ஆகவில்லை. முதுமை வந்து கதவைத் தட்டும் முன்பே அதை அழைத்து ஒத்திகை பார்த்துவிட்டார். ஆகவே 1985இல் 'முதல் மரியாதை'யின் நரைத்த பெரியவராக வரும்போது அவருக்கு அது அந்நிய வேடமாக இல்லை. 1999இல் 'படையப்பா'வில் இரஜினிகாந்தின் தந்தையாகச் சிறிது நேரமே வந்து, வீட்டைவிட்டு இறங்கும் அந்தத் தூணைக் கட்டியணைத்து உயிர்விட்டபோதும் அவர் சிறியவராகத் தெரியவில்லை. அதற்கு இரண்டாண்டுக்குப் பின், 2001 ஜூலை 21 அன்று, அவர் உலக மேடையை விட்டு அகன்றார்.

அவர் உள்ளத்தில் வருத்தம் இருந்ததா, யார் அறிவார்! இருந்தே இருக்கும், மனிதர்தாமே. ஆனால் வருத்தத்தை வைத்துக்கொண்டே வேலைக்குப் போகலாம் என்பதை அன்று அவரிடம் கற்றோம். வேடம் நமக்குச் சொந்தமன்று. நாடகம் ஊருக்குச் சொந்தம். இருபத்திரண்டு ஆண்டுகள் அதை நாம் வைத்திருந்தோம் என்பதே நன்றிக்குரியது; அது பறிக்கப்பட்டது என்று எண்ணியதுதான் பிழை.

2014 தவக்காலத்தின் முதல் ஒத்திகைக்கு அழைப்பில்லாமலே போனோம். யாரும் ஒன்றும் கேட்கவில்லை. இயேசுவாக நடிக்கும் தம்பி மட்டும் எழுந்து வந்து, "அண்ணே, மூணாவது தடவை விழும்போது முட்டி பேர்ந்து போகுது. நீங்க எப்படிண்ணே விழுந்தீங்க?" என்று கேட்டான். இரண்டு ஆண்டுகளாக அப்பிள்ளைக்கு அதைச் சொல்லித்தர ஆளில்லை. முழங்காலில் பழைய காயத்தின் தழும்பு இருந்தது. நம் பிடிவாதத்தின் தழும்பு அது என்று நமக்குத் தெரிந்தது, அவனுக்குத் தெரியாது. வலக்கையை முதலில் ஊன்றி, தோளைத் திருப்பி, சிலுவையின் எடையைத் தரைக்குத் தள்ளும் முறையை அன்றிரவே மண்ணில் விழுந்து காட்டினோம்.

அவ்வாண்டு சீமோனாக நடித்தோம். சிலுவையின் பின்புறத்தை நாம் அதற்கு முன் சுமந்ததே இல்லை. முன்னால் செல்பவரின் முதுகுதான் அங்கிருந்து தெரியும். கூட்டத்தின் முகம் தெரியாது. ஆனால் நாம் ஒரு விரல் உயர்த்தினால் அவன் தோளில் எத்தனை எடை குறைகிறது என்பது மூச்சிலேயே கேட்கும். இருபத்திரண்டு ஆண்டுகள் நமக்குப் பின்னே நின்று அவ்வாறு விரல் உயர்த்தியவர்கள் எத்தனை பேர்! அவர்களில் ஒருவருக்கும் நாம் நன்றி சொன்னதில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. இன்னும் இருப்பவர்களை அவ்வுயிர்ப்பு ஞாயிறன்று வீடு தேடிச் சென்று பார்த்து வந்தோம்.

2018இல் ஆலையிலிருந்தும் ஓய்வு பெற்றோம். மாலையும் கைக்கடிகாரமும் தந்து வழியனுப்பினார்கள். மறுநாள் காலை சங்கு ஊதியதும் கால்கள் தாமே எழுந்தன, பின்பு அமர்ந்தன. கடினமாகத்தான் இருந்தது. ஆனால் இம்முறை வேறு ஊருக்கு இரயிலேறவில்லை. அடுத்த வாரமே, புதிதாய்ச் சேர்ந்த பையன்களுக்கு ஃபிட்டர் வேலை சொல்லித்தரப் பழைய தோழர் ஒருவரின் பட்டறைக்குப் போய் அமர்ந்தோம்.

கொரோனாக் காலத்தில் நின்றுபோன பாஸ்கு மீண்டும் தொடங்கியபோது, அன்றைய தம்பி வேறு ஊரில் வேலை கிடைத்துப் போய்விட்டிருந்தான். இப்போது இயேசுவாக நடிப்பவன் கல்லூரி மாணவன். நமக்கு மேடையில் இடமில்லை. திரைக்குப் பின்னால், மறந்தவர்களுக்கு வசனம் எடுத்துக் கொடுப்பதே நம் வேலை. இயேசுவின் வசனம் வரும்போதெல்லாம் பையனின் குரலோடு நம் உதடுகளும் தாமே அசைகின்றன. இல்லத்தரசி இதைக் கண்டுகொண்டு சிரிக்கிறாள். அசையட்டும். முற்றிலும் உதிர்ந்துவிட வேண்டும் என்று யார் கேட்டார்கள்?

அன்பார்ந்த குடும்பத்தாரே, உங்கள் இல்லத்திலும் நெடுநாள் ஒரு வேடத்தைத் தாங்கி, இப்போது அது கைமாறியதால் மூலையில் அமர்ந்திருக்கும் பெரியவர் ஒருவர் இருக்கக்கூடும். அவரிடம் போய், எப்படி விழுந்தால் முழங்கால் தப்பும் என்று கேளுங்கள். அப்பெரியவர் நீங்களே என்றால், யாரும் வந்து கேட்கும்வரை காத்திராமல் ஒத்திகைக்குப் புறப்படுங்கள். பிள்ளைகளின் முழங்கால் காயப்படுகிறது.